இடப்பக்கம் இழுக்கும் வண்டி

போன வருஷம் பொங்கல் முடிந்து பெங்களூருவுக்குப் பஸ் ஏறியபோது அப்பாவின் கார் சாவி என் பையில் இருந்தது. மறதியாக எடுத்து வந்தது இல்லை. டிவி ஸ்டாண்டு மேல் இருக்கும் சாவி, பீரோவுக்குள் எல்.ஐ.சி. பத்திரங்களோடு கிடக்கும் மாற்றுச் சாவி, இரண்டையும் தேடி எடுத்து லேப்டாப் சார்ஜரோடு சேர்த்துப் போட்டு ஜிப்பை இழுத்தேன். பஸ் தொப்பூர் தாண்டும்போது அம்மாவுக்கு மெசேஜ் அனுப்பினேன். "சாவி எங்கிட்ட இருக்கு. அப்பா கேட்டா என்கிட்டப் பேசச் சொல்லு."

அப்பா கேட்கவே இல்லை.

*

வண்டி மாருதி 800. 2001 மாடல், வெள்ளை, டி.என். 28 பதிவு. நாமக்கல்லில் லாரிக்கும் டிரெய்லருக்கும் பாடி கட்டும் பட்டறைகளின் சத்தத்தில் வளர்ந்தவன் நான். எங்கள் தெருவில் பாதி வீடுகளுக்கு ஏதோ ஒரு வகையில் லாரித் தொழிலோடு தொடர்பு உண்டு. அப்பா மட்டும் கூட்டுறவு வங்கியில் கணக்கு எழுதினார். முதலில் சைக்கிள், பிறகு டிவிஎஸ் 50, 48 வயதில் கடன் போட்டு இந்த 800.

796 சிசி, மூன்று சிலிண்டர், 12 அங்குலச் சக்கரம். 1983 டிசம்பரில் வெளிவந்து 2014 ஜனவரியில் தயாரிப்பு நின்றுபோன வண்டி. இதைப் பற்றி யாரிடம் பேச்சை எடுத்தாலும் அவர்கள் வீட்டுக் கதை ஒன்று வரும். எங்கள் வீட்டிலும் உண்டு. நான் இன்ஜினியரிங் சேர்ந்தபோது டிரங்குப் பெட்டியும் மெத்தையும் பின் சீட்டில் ஏற்றி ஹாஸ்டலில் விட்டது இதுதான். அக்காவுக்கு வலி எடுத்த ராத்திரி ஆஸ்பத்திரிக்கு ஓடியது இதுதான். கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளையும் ஐந்து பேரோடு, ஒரு இடத்திலும் நிற்காமல் ஏறியதை அப்பா இன்றைக்கும் சொல்வார். கேட்பவர்கள் எண்ணிக்கைதான் குறைந்துவிட்டது.

சத்தம் ஆரம்பித்தது அதற்கும் ஒன்றரை வருஷம் முன்னால்.

"முன்னாடி எடது பக்கம் டொக்குனு ஒண்ணு வருது கண்ணு" என்றார் போனில். "பெரிய ஸ்பீடு பிரேக்கர்ல வரல. சின்னக் குழில மெதுவா எறங்குனா வருது. பிரேக்க லேசாத் தொட்டுக்கிட்டே எறங்குனா வர்றதில்ல."

இப்போது யோசித்தால், இதைவிட நல்ல பிழை அறிக்கை ஒன்றை என் 12 வருஷ வேலையில் நான் பார்த்ததில்லை. எந்த நிலைமையில் வருகிறது, எதில் வரவில்லை, எதைச் செய்தால் நின்றுபோகிறது, மூன்றும் அதில் இருந்தன. நான் அன்றைக்குச் சொன்ன பதில், "பழைய வண்டிதானப்பா, சர்வீஸ்ல விடுங்க."

விட்டார். ஊரில் ஒரு பெரிய சர்வீஸ் சென்டரில் ஓட்டிப் பார்த்தவர்கள் ஷாக் அப்சார்பர் போய்விட்டது என்று இரண்டையும் மாற்றினார்கள். சத்தம் போகவில்லை. வீல் அலைன்மெண்ட் செய்தார்கள். பத்து நாளில் ஸ்டியரிங் பழையபடி கோணலானது. மறுபடி அலைன்மெண்ட். மூன்றாவது தடவை அப்பா போனபோது, "வயசான வண்டிங்க சார், சத்தம் இருக்கத்தான் செய்யும்" என்று அனுப்பிவிட்டார்கள்.

அந்தத் தீபாவளிக்கு வீட்டுக்கு வந்த நான் வீடியோ ஒன்றைப் பார்த்துவிட்டு, துருவுக்கு அடிக்கும் ஸ்ப்ரே வாங்கி, சக்கரத்துக்குப் பின்னால் ரப்பர் தெரிந்த இடமெல்லாம் பீய்ச்சினேன். சத்தம் குறைந்தது. அப்பா என்னைப் பெருமையாகப் பார்த்தார். நானும் அதை அப்படியே ஏற்றுக்கொண்டேன். ஒரு வாரத்தில் சத்தம் திரும்பிவிட்டது என்று சொன்னபோது, "உங்களுக்கு அந்தச் சத்தம் பழகிப்போச்சுப்பா, இல்லாட்டியும் கேக்குது" என்றேன்.

அதற்குப் பிறகு அவர் சத்தத்தைப் பற்றிப் பேசுவதை நிறுத்திக்கொண்டார்.

*

பொங்கலுக்கு மறுநாள் மோகனூர் போனோம். காவிரியில் கால் நனைத்துவிட்டுத் திரும்பும்போது வெளிச்சம் மங்க ஆரம்பித்திருந்தது. அப்பா ஓட்டினார், நான் பக்கத்தில். பார்த்துக்கொண்டே வந்தேன். நேராகப் போகிற ரோட்டில் அவர் கை ஸ்டியரிங்கை வலப்பக்கம், இடப்பக்கம் என்று சின்னச் சின்னதாகத் திருத்திக்கொண்டே இருந்தது. வண்டி இடப்பக்க ஓரத்துக்குச் சரிவதும், அவர் இழுத்துக் கொண்டுவருவதும், மறுபடி சரிவதுமாக.

ஒரு இடத்தில் முன்னால் போன டிராக்டர் நின்றது. அப்பா பிரேக் அடித்தார். வண்டி தார் ரோட்டை விட்டு இடப்பக்கம் மண்ணில் இறங்கிவிட்டது. அங்கே ஒருவர் எக்ஸெல்லில் பின்னால் புல்லுக்கட்டோடு நின்றிருந்தார். எங்கள் கண்ணாடி அவருடைய புல்லுக்கட்டை உரசிக்கொண்டு போய் நின்றது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அவர் இரண்டு வார்த்தை திட்டினார். அப்பா இறங்கி, கைகூப்பி, "தப்புதாங்க" என்றார்.

அந்த "தப்புதாங்க" எனக்குப் போதுமானதாக இருந்தது. அப்பாவுக்கு 71. லைசென்ஸ் ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை டாக்டர் சான்றிதழோடு புதுப்பித்தாகிறது. ஆனால் அந்தச் சான்றிதழ் எப்படி வாங்கப்படுகிறது என்று எல்லோருக்கும் தெரியும். கொஞ்ச நாளாகத் தோள் வலி என்று தைலம் தேய்த்துக்கொள்கிறார். எல்லாவற்றையும் கூட்டிக் கணக்குப் போட்டேன். மறுநாள் சாவியை எடுத்துக்கொண்டேன்.

இதைப் படிக்கும் உங்களில் பலருக்கு வீட்டில் இப்படி ஒரு அப்பா இருப்பார், அல்லது இன்னும் பத்து வருஷத்தில் இருப்பார். நான் செய்தது சரியா என்று கேட்டால், அன்றைக்கு என்னிடம் இருந்த தகவலுக்கு அது தவறான முடிவு என்று இன்றைக்கும் சொல்ல மாட்டேன். செய்த விதம்தான். அவரிடம் பேசியிருக்கலாம். திருடனைப் போல் எடுத்துக்கொண்டு வந்தேன்.

*

நான் வேலை பார்ப்பது பணப் பரிமாற்றச் செயலி ஒன்றில். புகார்கள் எனக்கு டிக்கெட்டுகளாக வரும். "பணம் போகவில்லை", "இரண்டு தடவை போய்விட்டது", "பட்டன் வேலை செய்யவில்லை." அதே நிலைமையை எங்கள் கணினியில் வரவழைக்க முடியாவிட்டால், "நாட் ரெப்ரொடியூசிபிள்" என்று எழுதி மூடிவிடலாம். அதற்கும் வசதியான இன்னொரு காரணம் உண்டு: பயனரின் பிழை. அதை எழுதிவிட்டால் அன்றைக்கு நம்முடைய வேலை முடிந்தது. அந்தப் பக்கம் இருக்கும் ஆளுக்கு முடிந்திருக்காது.

பெங்களூருவில் உட்கார்ந்து இப்படி டிக்கெட்டுகளை மூடிக்கொண்டிருந்தபோது அம்மா வாரா வாரம் செய்தி சொன்னாள். அப்பா பேங்குக்குப் பஸ்ஸில் போகிறார். அக்கா வீட்டுக்குப் போவதை விட்டுவிட்டார். தினமும் காலையில் காரைத் துடைக்கிறார்.

"டயரு ஒரே எடத்துல நின்னா தட்டையாயிருமாம். நியூட்ரல்ல போட்டு நாலடி முன்னாடி தள்ளி வெக்கறாரு. அடுத்த வாரம் பின்னாடி தள்றாரு."

"எப்படித் தள்றாரு, தனியாவா?"

"பின்ன? நான் வந்து தள்ளுவனா?"

அன்றைக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை. ஏப்ரலில் நான்கு நாள் லீவு போட்டு ஊருக்கு வந்தேன். வண்டியை விற்றுவிடுவது என்று முடிவு செய்திருந்தேன். கண் முன்னால் இல்லாவிட்டால் தள்ள வேண்டியதும் இருக்காது.

சாவியை டிவி ஸ்டாண்டு மேல் வைத்தேன். அப்பா பேப்பரிலிருந்து கண்ணை எடுத்து அதைப் பார்த்தார். "பேட்டரி எறங்கியிருக்கும். காத்தும் பாக்கணும்" என்று சொல்லிவிட்டுப் பேப்பருக்குத் திரும்பினார்.

*

பழைய கார் வாங்கி விற்கும் ஒருவர் சேலம் ரோட்டில் இருந்தார். பேட்டரிக்கு உயிர் கொடுத்து, காற்றடித்து, தனியாக நான் ஓட்டிக்கொண்டு போனேன். 800ஐ நான் ஓட்டி ஐந்தாறு வருஷம் ஆகியிருந்தது.

தெருமுனை தாண்டி ஒரு சின்னக் குழியில் இறங்கியதும் கேட்டது. டொக். இடது கால் பக்கம், தரைக்கு அடியிலிருந்து.

மெயின் ரோட்டில் 50 போனதும் வண்டி தானாக மிதக்க ஆரம்பித்தது. நேராக வைத்தால் நேராக இருக்க மறுத்தது. என் கை சின்னச் சின்னதாகத் திருத்திக்கொண்டே போவதை நானே பார்த்தேன். முன்னால் போன டவுன் பஸ் ஸ்டாப்பில் நின்றது. பிரேக் அடித்தேன். ஸ்டியரிங் என் கையை மீறி இடப்பக்கம் போனது. இரண்டு கையாலும் பிடித்து இழுத்தும் இடது சக்கரங்கள் மண்ணில் இறங்கித்தான் நின்றன.

ஓரமாக நின்று கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். எனக்கு 36 வயது. கண்ணில் கோளாறு இல்லை. தோளில் வலி ஆரம்பித்திருந்தது.

பழைய கார்க்காரரிடம் போகாமல் வீட்டுக்குத் திரும்பினேன். அப்பா வாசலில் நின்றிருந்தார்.

"வண்டி எடது பக்கம் இழுக்குதுப்பா."

"பிரேக் புடிக்கறப்பவா?"

"ஆமா."

"ம்" என்றார். பிறகு கதவைத் திறந்து டேஷ்போர்டிலிருந்து ஒரு டைரியை எடுத்துக் கொடுத்தார். பெட்ரோல் கணக்கு எழுதும் டைரி. எத்தனை லிட்டர், எத்தனை கிலோமீட்டர் என்று 2001லிருந்து எழுதுகிறார் என்பது எனக்குத் தெரியும். வங்கிக் கணக்கர் பழக்கம். ஒருநாளும் திறந்து பார்த்ததில்லை. கடைசி ஒன்றரை வருஷத்துப் பக்கங்களில் ஓரமாகச் சிவப்பு மையில் குறிப்புகள் இருந்தன. "சத்தம் - பரமத்தி ரோடு." "சத்தம் இல்லை - மழை." "பிரேக்கில் இடது." "அலைன்மெண்ட், 9 நாள் தாங்கியது." தீபாவளிக்குப் பக்கத்தில்: "தம்பி ஆயில் அடித்தான். 6 நாள்."

மென்பொருளில் இதற்கு லாக் என்று பெயர். அது இல்லையே என்று நாங்கள் ராத்திரி முழுக்கத் தலையைப் பிய்த்துக்கொள்வோம்.

*

அப்பா சொன்ன மெக்கானிக் ஷெட், டிரெய்லர் பட்டறை ஒன்றின் பின்னால், வேப்பமரத்தடியில் இருந்தது. ரொம்ப காலம் லாரி வேலை பார்த்துவிட்டு இப்போது கார் மட்டும் பார்க்கிறவர். தரையில் பழைய லாரிக் குழி அப்படியே இருந்தது.

அவர் ஜாக்கியை எடுக்கவில்லை. முதலில் முன் டயரின் மேல் உள்ளங்கையை வைத்து உள்ளிருந்து வெளியே தடவினார். பிறகு வெளியிலிருந்து உள்ளே. என்னையும் தடவச் சொன்னார். ஒரு பக்கம் வழவழப்பு, மறுபக்கம் அரம். டயர் நேராக உருளாமல் தரையில் தேய்ந்துகொண்டே போயிருக்கிறது.

"ஐயா, நீங்க ஏறி உக்காந்து, ஓரடி முன்னாடி விட்டு சடக்குன்னு பிரேக் புடிங்க. அப்பறம் ரிவர்ஸ்ல அதே மாதிரி" என்றார் அப்பாவிடம். என்னைப் பக்கவாட்டில் தள்ளி நிற்கவைத்து, "தம்பி, சக்கரத்துக்கும் பாடிக்கும் நடுவுல இருக்கற சந்த மட்டும் பாருங்க" என்றார்.

அப்பா மூன்று மாதம் கழித்து அந்த சீட்டில் உட்கார்ந்தார். முன்னால் நகர்த்திப் பிரேக் அடித்தார். வண்டி நின்றது. இடது சக்கரம் மட்டும் நிற்காமல் இன்னும் கொஞ்சம் பின்னால் போய் நின்றது. ரிவர்ஸில் பிரேக் அடித்தபோது முன்னால் வந்தது. டொக். சக்கரம் வண்டியோடு சரியாக ஒட்டவில்லை. இதைப் பார்க்க எந்தக் கருவியும் வேண்டியிருக்கவில்லை. உள்ளே ஒரு ஆள், வெளியே ஒரு ஆள். ஒன்றரை வருஷமாக அப்பா உள்ளே இருந்தார். வெளியே நிற்கத்தான் ஆள் இல்லை.

பிறகு ஜாக்கி. சக்கரத்தைக் கடிகாரத்தின் 12, 6 இருக்கும் இடங்களில் பிடித்து ஆட்டினார். ஆட்டம் இருந்தது. அப்பாவைப் பிரேக்கை அழுத்திக்கொள்ளச் சொல்லி மறுபடி ஆட்டினார். அப்போதும் இருந்தது. பிரேக் பிடித்ததும் ஆட்டம் நின்றிருந்தால் சக்கர பேரிங். நிற்காததால் சந்தேகம் கீழே பால் ஜாயிண்டுக்குப் போனது. 9, 3 இருக்கும் இடங்களில் பிடித்து ஆட்டியபோது அசையவில்லை. ஸ்டியரிங் பக்கம் டை ராட் நன்றாக இருக்கிறது. கடைசியாக ஒரு நீளமான லீவர் கம்பியை அடியில் ஆர்முக்கும் பாடிக்கும் நடுவில் கொடுத்து நெம்பினார். ரப்பர் வாயைத் திறந்தது. டார்ச் அடித்தால் உள்ளே பிளவு தெரிந்தது.

"ரப்பர் ஊதிப்போய் கொழகொழன்னு இருக்குதுங்க. யாரு இதுல ஆயில் அடிச்சது?"

அப்பா என்னைப் பார்க்காமல் வேப்பமரத்தைப் பார்த்தார். நான்தான் என்று ஒப்புக்கொண்டேன். ரப்பருக்குப் பெட்ரோலிய எண்ணெய் ஆகாது. அதைக் குடித்து உப்பி, வலு இழந்து, சீக்கிரம் கிழியும். சத்தத்தை நிறுத்துவதற்காக நான் செய்த வேலை, சத்தம் போட்டுக்கொண்டிருந்ததைக் கொன்றுகொண்டிருந்தது.

*

காரின் முன்பக்கத்தில் நடப்பதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். பழைய வடிவமைப்புகளில் ஒவ்வொரு முன் சக்கரத்தையும் மேலே ஒன்று, கீழே ஒன்று என இரண்டு கைகள் பிடித்திருக்கும். எர்ல் மெக்ஃபர்சன் என்ற அமெரிக்கப் பொறியாளர் 1940களில் செவ்ரோலெட்டுக்காக ஒரு சின்னக் கார் வடிவமைத்தார். கேடட் என்று பெயர். 1947இல் அந்தத் திட்டத்தைக் கைவிட்டார்கள். அவர் ஃபோர்டுக்குப் போனார். சுருள்வில்லையும் ஷாக் அப்சார்பரையும் ஒரே தூணாக நிறுத்தி, மேல் கையையே நீக்கிவிட்ட அவருடைய யோசனை, 1950இல் இங்கிலாந்தில் அறிமுகமான ஃபோர்ட் கான்சலில் வந்தது. இன்றைக்கு நம் ரோட்டில் ஓடும் சின்னக் கார்களில் பெரும்பாலானவை இந்த வகைதான். கீழே ஒரே ஒரு கை. அதுதான் லோயர் ஆர்ம்.

மாருதி 800 இந்தச் சிக்கனத்தை இன்னும் ஒரு படி இறக்கியது. அதன் லோயர் ஆர்ம் கிட்டத்தட்ட நேரான ஒரு துண்டு. உள் முனை ஒரே ஒரு ரப்பர் புஷ்ஷில், ஒரே ஒரு போல்ட்டில் வண்டியோடு இணைகிறது. வெளி முனையில் பால் ஜாயிண்ட், சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு எல்லாப் பக்கமும் திரும்ப விடுகிறது. ஒரு புள்ளியில் மட்டும் கீல் போட்ட கை, சக்கரத்தை உள்ளே வெளியே போகாமல் தடுக்கும். முன்னே பின்னே போவதைத் தடுக்க முடியாது. அந்த வேலையைச் செய்வது ஸ்டெபிலைசர் பார், வளைவுகளில் வண்டி சாயாமல் தடுக்க வைத்த கம்பி. அதன் முனை ஆர்முக்குள் நுழைந்து, ரப்பர்களோடு நட்டில் பூட்டப்பட்டிருக்கும். ஒரே சம்பளத்தில் இரண்டு வேலை. நடுத்தரக் குடும்பத்து வண்டி என்று சும்மா சொல்லவில்லை.

எல்லாம் நன்றாக இருக்கும்வரை இந்த ஏற்பாட்டில் குறை இல்லை. இருபது வருஷத்துக்குப் பிறகு எங்கள் வண்டியில் ஆர்ம் புஷ் கிழிந்திருந்தது, பால் ஜாயிண்ட் தளர்ந்திருந்தது, கம்பி முனை ரப்பர் பாதியாகத் தேய்ந்திருந்தது. பிரேக் அடித்தால் இடது சக்கரம் பின்னால் நழுவி, நழுவும்போது திசையும் கொஞ்சம் மாறி, வண்டியை ஓரத்துக்கு இழுத்தது. அலைன்மெண்ட் மெஷின் வண்டி நிற்கும்போது அளக்கிறது. நிற்கும்போது எங்கள் வண்டி நேராகத்தான் இருந்தது.

*

இரண்டு பக்கமும் மாற்றினோம். வலது பக்கம் இன்னும் கொஞ்ச நாள் ஓடும், ஆனால் ஒரு கால் புதுசு ஒரு கால் பழசு என்று வைக்க வேண்டாம் என்றார் மெக்கானிக். புஷ்ஷும் பால் ஜாயிண்டும் சேர்ந்தே வரும் ஆர்ம் இரண்டு, கம்பி முனைக்கு ரப்பர் செட் இரண்டு. எல்லாம் சேர்த்து மூவாயிரத்துக்குள் முடிந்தது. முன்னால் தேவையில்லாமல் மாற்றிய ஷாக் அப்சார்பரின் செலவு இதைவிட அதிகம்.

நானும் கூட வேலை பார்க்கிறேன் என்று கேட்டுக்கொண்டேன். அவர் முதலில் சொன்னது, "ஜாக்கிய நம்பி அடில கைய விடாதீங்க." தாங்கு கட்டைகள் கொடுத்து, அதற்கும் மேல் கழற்றிய சக்கரத்தைப் பாடிக்கு அடியில் தள்ளிவைத்த பிறகுதான் வேலை.

வலது பக்கம் முக்கால் மணி நேரம். கம்பி முனையின் ஸ்ப்ளிட் பின்னை நிமிர்த்தி உருவி, நட்டைக் கழற்றி, பால் ஜாயிண்டைக் கவ்வியிருக்கும் போல்ட்டை முழுசாக வெளியே எடுத்து, ஆர்மைக் கீழே நெம்பி இறக்கி, உள் போல்ட்டைக் கழற்றினால் கையில் வந்துவிட்டது.

இடது பக்கம் மூன்று மணி நேரம். உள் போல்ட் புஷ்ஷின் இரும்புக் குழலோடு துருவேறி ஒன்றாகிவிட்டது. ஸ்பானரைத் திருப்பினால் போல்ட் சுற்றவில்லை, ரப்பர் முறுக்கிக்கொண்டு பழைய இடத்துக்கே திரும்பியது. டீசலை ஊற்றி ஊறவிட்டு டீக்கடைக்குப் போனோம். திரும்பி வந்து தட்டினோம். மறுபடி டீசல். நான் ஆத்திரத்தில் ஓங்கி அடிக்கப்போனேன். அப்பா, "வலுவா வேண்டாம் கண்ணு, நெறைய தடவ அடி" என்றார். சின்னச் சின்னதாக எத்தனையோ அடி. கடைசியில் துரு தூளாக உதிர்ந்து, போல்ட் ஒரு கால்சுற்று திரும்பியது. மூன்று பேரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டோம்.

பழைய ஆர்மைக் கையில் வாங்கினேன். பால் ஜாயிண்டின் தலையை ஒரு விரலால் தள்ளினால் அது பாட்டுக்கு ஆடிச் சாய்ந்தது. புதியதை இரண்டு கையால் அழுத்தினாலும் லேசில் அசையவில்லை. இந்த ஆட்டத்தின் மேல்தான் அப்பா ஒன்றரை வருஷமாக வண்டியை நேராக வைத்திருந்தார்.

புதியதை மாட்டி உள் போல்ட்டை முறுக்கப்போனேன். மெக்கானிக் கையைப் பிடித்தார்.

"இப்ப முறுக்காதீங்க தம்பி. சக்கரம் தொங்குது. இப்ப இறுக்குனீங்கன்னா ரப்பரு இந்த நெலமைய நெனப்புல வெச்சுக்கும். வண்டிய எறக்குனதும் முறுக்கிக்கிட்டே நிக்கும், ஆறு மாசத்துல கிழிஞ்சிரும். வண்டி கால ஊனி நிக்கட்டும்."

அவர் சொன்னது அப்படியே இயந்திரவியல். இந்த ரப்பர் புஷ் வழுக்கிச் சுற்றுவதில்லை. உள் குழல், வெளிக் குழல் இரண்டிலும் ஒட்டியிருக்கும் ரப்பர் முறுக்கிக்கொடுத்துதான் ஆர்மை மேலும் கீழும் அசையவிடுகிறது. ஆகவே அது முறுக்கம் இல்லாமல் ஓய்வாக இருக்க வேண்டிய நிலை எதுவோ, அந்த நிலையில் வைத்து இறுக்க வேண்டும். வண்டி தன் எடையில் தானே நிற்கும் நிலை.

சக்கரங்களை மாட்டி, இறக்கி, குழி மேல் கொண்டுவந்து நிறுத்தினோம். மெக்கானிக் பானெட்டை நாலைந்து தடவை அமுக்கிவிட்டார். குழிக்குள் இறங்கியவர், "ஐயா, நீங்க உங்க சீட்டுல உக்காருங்க. நெதமும் ஓட்டற ஆளு வெயிட்லயே இறுக்கிக்கலாம்" என்றார்.

அப்பா ஏறி உட்கார்ந்தார். வண்டி ஒரு துளி இறங்கியது. அடியில் ஸ்பானர் திரும்பும் சத்தம் கேட்டது.

*

அலைன்மெண்ட் முடிந்து வெளியே வரும்போது சாயந்தரம். அப்பாதான் ஓட்டினார். மோகனூர் ரோட்டுக்கே விட்டார். 60இல் போகும்போது ஸ்டியரிங்கிலிருந்து கையை ஒரு அங்குலம் தூக்கிக் காட்டினார். வண்டி கயிறு பிடித்த மாதிரி நேராகப் போனது. புல்லுக்கட்டுக்காரர் நின்ற இடத்துக்குக் கொஞ்சம் முன்னால், பின்னால் யாரும் வரவில்லை என்று பார்த்து, பிரேக்கை ஓங்கி மிதித்தார். கோடு போட்ட மாதிரி நின்றது.

அவர் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலாம். "நான் அன்னிக்கே சொன்னேன்" என்று ஒரு வார்த்தை வந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாகியிருக்கும்.

ஆற்றங்கரையில் அரை மணி நேரம் உட்கார்ந்துவிட்டுத் திரும்பும்போது இருட்டியிருந்தது. எதிரில் ஒரு லாரி முழு வெளிச்சத்தோடு வந்தது. அப்பா வேகத்தைக் குறைத்தார். வண்டி மெல்ல இடப்பக்க ஓரத்துக்கு நகர்ந்தது. லாரி கடந்தது. வண்டி நடுவுக்கு வந்தது. அடுத்து ஒரு கார். மறுபடி ஓரம். என் வயிறு கலங்கியது. எதை விட்டுவிட்டோம்? வலது பக்க நட்டா? அலைன்மெண்டா?

அப்பா ஓரமாக நிறுத்தி, ஹேண்ட்பிரேக்கைப் போட்டார்.

"இது வண்டி இல்ல கண்ணு. இது நான்."

நான் ஒன்றும் பேசவில்லை.

"எதுர்ல லைட் அடிச்சா எல்லாம் வெள்ளையாப் போயிருது. ஒரு வருசமா இருக்குது. பொரையா இருக்கும்."

"ஏம்ப்பா சொல்லல?"

கொஞ்ச நேரம் முன்னால் இருட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். "கண்ணச் சொல்லியிருந்தா, அப்பறம் சத்தத்த யாரு கேட்டிருப்பீங்க?"

பிழை தேடும் வேலையில் எல்லோருக்கும் தெரிந்த ஒரு விஷயம் உண்டு. ஒரே இடத்தில் இரண்டு பிழைகள் இருந்தால் ஒன்று இன்னொன்றை மறைக்கும். ஒன்றைக் கண்டுபிடித்ததும் தேடுவதை நிறுத்திவிடுவோம். நான் முதலில் அப்பாவைக் கண்டுபிடித்து நிறுத்தினேன். பிறகு ஆர்மைக் கண்டுபிடித்து நிறுத்தினேன். இரண்டையும் ஆரம்பத்திலிருந்தே தனித்தனியாக அறிந்திருந்தவர் அவர் ஒருவர்தான். தன்னுடையதைச் சொன்னால் வண்டியுடையதும் தன் கணக்கில் எழுதப்பட்டுவிடும் என்று தெரிந்து, வண்டி சரியாகும்வரை வாயைத் திறக்காமல் இருந்திருக்கிறார். அதற்குள் அன்றைக்கு அந்தப் புல்லுக்கட்டுக்குப் பதில் ஆள் மேலேயே உரசியிருக்கலாம். அதுவும் அவருக்குத் தெரியும். அதனால்தான் இறங்கி "தப்புதாங்க" என்றிருக்கிறார். நான் அதை ஒரு தப்புக்கான ஒப்புதலாக எடுத்துக்கொண்டேன். அவர் அதில் பாதிக்கு மட்டும்தான் ஒப்புக்கொண்டிருந்தார்.

எஞ்சினை அணைத்து, சாவியை உருவி, என் கையில் வைத்தார்.

"ராத்திரி நீ ஓட்டு. பகல்ல நான் பாத்துக்கறேன். ஆப்பரேசன் முடிஞ்சப்பறம் மத்தது பேசிக்கலாம்."

இடம் மாறி உட்கார்ந்தோம். அப்பா தன் பக்கக் கண்ணாடியைக் கீழே இறக்கிவிட்டு, தலையைக் கொஞ்சம் வெளிப்பக்கம் சாய்த்துக்கொண்டார். ஊருக்குள் நுழையும்போது அந்தச் சின்னக் குழி வந்தது. பிரேக்கைத் தொடாமல் மெதுவாக இறக்கினேன்.

"சத்தம் வருதா?" என்றார்.

"இல்லப்பா."

"நல்லாக் கேளு."

வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்து, அதே குழியில் இன்னொரு தடவை இறக்கினேன்.